நெற்பயிரின் இலைக்கருகல் நோய்: மாறியது விதையா, கிருமியா?

புதிய நெல் இரகம் ஒன்று ஒரு கிராமத்திற்கு வந்து, முதற் சில போகங்களில் நோயின்றி விளைந்து, பின்னர் அதே நிலத்தில் இலை கருகி நிற்பதைக் கண்டால், குடியானவர்கள் பொதுவாகச் சொல்லும் வார்த்தை "விதை கெட்டுவிட்டது" என்பதே. சிலர் விதை விற்றவரைக் குறை கூறுவர். சிலர் நிலத்தில் சத்துக் குறைந்துவிட்டதென்று எண்ணிப் பின்னும் ஒரு மூட்டை யூரியாவை இடுவர். வேறு சிலர் காலம் கெட்டுப் போயிற்றென்று பெருமூச்சு விட்டு அமைவர். விதையில் கலப்பு நேர்வதும் உண்டு என்பதை மறுப்பதற்கில்லை. ஆயினும் நோயைத் தாங்கும் சக்தி வாய்ந்த இரகம் ஒன்று பல ஆண்டுகள் ஊர் முழுவதும் பயிராகி, அதன்பின் இலைக்கருகல் நோய்க்கு இலக்காகுமாயின், மாறியது விதை என்பதைவிடக் கிருமி என்பதே பெரும்பாலும் பொருந்தும். இவ்வுண்மையைக் குடியானவர்கள் தெளிவாக அறிந்து கொள்ளாத வரையில், எத்தனை புதிய இரகங்கள் வந்தாலும் அவற்றின் பயன் நீடிக்காது என்பது எனது கருத்து.

பாக்டீரியா இலைக்கருகல் எனப்படும் இந்நோய் புதிதன்று. ஜப்பான் தேசத்தில் ஃபுகுவோகா பிரதேசத்துக் குடியானவர்கள் 1884-ஆம் ஆண்டிலேயே இதனைக் கண்டிருக்கின்றனர். நிலத்தின் புளிப்பே இதற்குக் காரணமென்று முதலில் கருதப்பட்டது. பின்னரே, நோயுற்ற இலைகளின் மீது காலையில் காணப்படும் கலங்கிய துளிகளில் கிருமிகள் கூட்டங்கூட்டமாக இருப்பது புலனாயிற்று. நம் தேசத்தில் 1963-ஆம் ஆண்டில் பீஹாரிலும், 1979, 1980-ஆம் ஆண்டுகளில் பஞ்சாப், ஹரியானாப் பகுதிகளிலும் இந்நோய் பெருவாரியாகப் பரவிப் பெருஞ் சேதம் விளைத்தது. நோய் கடுமையாகக் கண்ட வயல்களில் மகசூலில் பாதி வரையிலும் நஷ்டம் நேர்வதுண்டு. நம் பக்கத்தில் சம்பா, தாளடிப் பயிர்கள் வடகிழக்குப் பருவ மழையிலும் காற்றிலும் நிற்கும் காலமே இந்நோய்க்கு உகந்த காலமாகும்.

இந்நோயை உண்டாக்குவது சாந்தோமோனாஸ் ஒரைசே என்னும் ஒருவகைப் பாக்டீரியா. ஒரு மில்லிமீட்டர் நீளத்தில் ஐந்நூறுக்கு மேற்பட்ட கிருமிகளை ஒன்றன்பின் ஒன்றாக வரிசையாய் வைக்கலாம்; அத்துணைச் சிறியது. அதற்கு ஒற்றை வால் போன்ற ஓர் உறுப்பு உண்டு. அதனால் நீரில் நீந்திச் செல்லும். அறுவடைக்குப்பின் வயலில் நின்ற தாளிலும், தானே முளைத்த நெல்லிலும், வரப்போரத்துப் புற்கள் சிலவற்றிலும், காட்டு நெல்லிலும் அது தங்கியிருந்து, வாய்க்கால் நீர் வழியாகவும், காற்றோடு கூடிய மழைத் துளிகள் வழியாகவும் புதுப் பயிரை அடைகின்றது.

அது பயிருக்குள் புகும் வழி கவனிக்கத்தக்கது. நெல் இலையின் நுனியிலும் ஓரங்களிலும் மிகச் சிறிய நீர்த்துளைகள் உள்ளன. விடியற்காலையில் இலை நுனியில் முத்துப்போல் நிற்கும் நீரில் ஒரு பகுதி பனியன்று. பயிரே அத்துளைகளின் வழியாக வெளியிடும் நீராகும். கிருமி அந்நீர்த் துளியில் கலந்து, துளியானது மறுபடி உள்ளே இழுக்கப்படுங் காலத்தில் தானும் உடன் சென்றுவிடுகின்றது. இலை கிழிந்த இடமும், நாற்றுப் பறிக்கையில் வேர் அறுந்த இடமும், நடவின்போது நுனி கிள்ளிய இடமும் அதற்குத் திறந்த வாசல்களே. உள்ளே புகுந்த கிருமி, வேரிலிருந்து நீரைக் கொண்டு செல்லும் குழாய்களை அடைந்து அங்கே பெருகுகின்றது. குழாய் அடைபடவே இலை நுனியிலிருந்து கீழ்நோக்கி, அலையலையான ஓரத்துடன் மஞ்சள் நிறங்கொண்டு, பின் வைக்கோல் நிறமாகக் காய்ந்து போகின்றது.

நீர்க் குழாயில் பயிர் செய்யும் சர்க்கரை அதிகம் இராது. அப்படியிருக்க, அங்கே கோடிக்கணக்கான கிருமிகள் எதனைத் தின்று பிழைக்கின்றன என்பது நெடுங்காலம் விளங்காதிருந்தது. இந்நூற்றாண்டில் நடந்த ஆராய்ச்சிகளால் அதன் சூது வெளிப்பட்டுள்ளது. கிருமியானது ஊசி போன்ற ஒரு கருவியால் பயிரின் உயிரணுக்களுக்குள் சில புரதங்களைச் செலுத்துகின்றது. அப்புரதங்கள் பயிரின் மரபுக்கூறுகளில் குறித்த ஓரிடத்தைத் தேடிப் பற்றி, சர்க்கரையை வெளிவிடும் வாயிலைத் திறக்கும்படி செய்துவிடுகின்றன. அயலான் ஒருவன் இரவில் வந்து நமது மடையைத் தூக்கி, நாம் தேக்கிய நீரைத் தன் வயலுக்குப் பாய்ச்சிக் கொள்வதை இது ஒத்திருக்கின்றது. மடை நம்முடையது, நீரும் நம்முடையது, திறந்த கை மட்டுமே அயலானுடையது. அப்புரதங்கள் தாம் பற்ற வேண்டிய இடத்தை எவ்வாறு கண்டு கொள்கின்றன என்னும் இரகசியத்தை 2009-ஆம் ஆண்டில் விஞ்ஞானிகள் இரு குழுவினர் தனித்தனியே வெளிப்படுத்தினர்.

இனி, நோயைத் தாங்கும் இரகங்கள் செய்வது யாதெனில், இச்சூதுக்கு ஏதேனும் ஒரு வகையில் தடை போடுவதே. அத்தடைகள் பலதிறப்படும். எக்ஸ்.ஏ.21 என்னும் மரபுக்கூறு, ஆப்பிரிக்காவில் மாலி தேசத்துக் காட்டு நெல்லிலிருந்து எடுக்கப்பட்டது. அது உயிரணுவின் மேற்பரப்பில் காவற்காரனைப் போல் நின்று, கிருமி வெளிவிடும் ஒரு பொருளை அடையாளங் கண்டு, பயிரின் தற்காப்பு முயற்சிகளை முடுக்கி விடுகின்றது. எக்ஸ்.ஏ.13 என்பது வேறு வகை. அதையுடைய நெல்லில், கிருமியின் கை பற்ற வேண்டிய மடைப்பிடியே உருமாறி இருப்பதால் சர்க்கரை மடை திறவாது. எக்ஸ்.ஏ.5 என்பது, கிருமியின் புரதங்கள் தம் காரியத்திற்குத் துணையாகப் பயன்படுத்திக் கொள்ளும் பயிரின் ஓர் உறுப்பில் ஏற்பட்ட சிறு மாறுதலாகும்.

இவ்வளவு தடையிருந்தும் கிருமி வெல்வது எங்ஙனம்? சாதகமான நிலையில் அது சில மணி நேரத்திற்கொருமுறை ஒன்று இரண்டாகப் பிளந்து பெருகும். ஒவ்வொரு பிளவின்போதும் தன் மரபுக்கூறுகளைப் பிரதி செய்து கொள்கின்றது. கணக்குப்பிள்ளை பக்கம் பக்கமாகப் பிரதி எழுதுகையில் எங்கேனும் ஓரெழுத்துப் பிழை நேர்வது போன்று, இங்கும் பிழைகள் நேருகின்றன. பெரும்பான்மைப் பிழைகள் பயனற்றவை. பல கிருமிக்கே கேடானவை. ஆனால் ஒரே வயலில் எண்ணற்ற கிருமிகள் உள்ளபோது, காவற்காரனுடைய கண்ணுக்குத் தப்பும்படியான ஒரு பிழை எங்கேனும் ஒன்றில் நேர்வது அரிதன்று. மற்றக் கிருமிகள் அந்த இரகத்தில் பிழைக்க மாட்டாமல் மடிய, அந்த ஒன்றின் சந்ததி மட்டும் பெருகும். கிருமி யோசித்து மாறுவதில்லை. எண்ணற்றவற்றுள் தற்செயலாக மாறியிருந்ததொன்றை நாமே பொறுக்கி எடுத்து, ஊர் முழுவதும் அதற்கு விருந்து வைக்கின்றோம்.

பிலிப்பைன்ஸ் தேசத்தில் நடந்தது இதற்குத் தக்க சான்று. அங்குள்ள சர்வதேச நெல் ஆராய்ச்சி நிலையம் 1969-ஆம் ஆண்டில் வெளியிட்ட ஐ.ஆர்.20 முதலிய இரகங்களில் எக்ஸ்.ஏ.4 என்னும் மரபுக்கூறு இருந்தது. அம்மரபுக்கூறு உடைய இரகங்கள் அத்தேசத்து வயல்களில் பெரும்பகுதியைக் கவர்ந்து கொண்டன. அதற்குமுன் அங்கு மிகுதியாயிருந்த முதல் வகைக் கிருமி குறைந்து, எக்ஸ்.ஏ.4-ஐ வெல்லவல்ல இரண்டாம் வகைக் கிருமி 1970-களின் பிற்பகுதியில் மேலோங்கிற்று. விதையின் மரபுக்கூறு அப்படியேதான் இருந்தது. காவற்காரன் தூங்கவுமில்லை, வந்த கள்வன் வேறு முகத்தோடு வந்தான்.

இதனைக் கேட்டு, எந்த இரகமும் நிலைக்காது போலும் என்று மனந்தளர வேண்டுவதில்லை. கிருமிக்கும் மாறுதலில் செலவு உண்டு. எக்ஸ்.ஏ.7 என்னும் மரபுக்கூற்றின் கண்ணுக்குத் தப்பவேண்டுமாயின், கிருமி தன் சர்க்கரை மடையைத் திறக்கும் புரதத்தையே மாற்றியோ இழந்தோ தீரவேண்டும். அவ்வாறு மாறிய கிருமியின் வலிமை குறைவதை, பிலிப்பைன்ஸில் பல போகங்கள் நடத்திய வயற்சோதனைகளில் கண்டு, 2000-ஆம் ஆண்டில் ஆராய்ச்சியாளர்கள் வெளியிட்டனர். ஆகவே கிருமிக்கு எளிதில் விட்டுக் கொடுக்க முடியாத உறுப்பைக் குறிவைக்கும் தடை நெடுங்காலம் நிற்கும். இரண்டு மூன்று தடைகளை ஒரே இரகத்தில் சேர்ப்பதும் அவ்வாறே. கோடியில் ஒரு கிருமிக்கே ஒரு தடையைத் தாண்டும் மாறுதல் நேருமென்று ஒரு பேச்சுக்கு வைத்துக் கொண்டால், வெவ்வேறான மூன்று தடைகளையும் ஒருங்கே தாண்டும் கிருமி தோன்றுவது எத்துணை அருமை என்பதைக் கணக்கறிந்தோர் எளிதில் உணர்வர்.

இம்முறையில் உண்டாக்கப்பட்டதே மேம்படுத்தப்பட்ட சம்பா மஹ்சூரி. 1986-ஆம் ஆண்டில் ஆந்திரப் பிரதேசத்துப் பாபட்லாவிலிருந்து வெளியான பி.பி.டி.5204 என்னும் சம்பா மஹ்சூரி, சன்ன அரிசிக்குப் பேர்போனது; ஆனால் இலைக்கருகலுக்கு எளிதில் இலக்காவது. ஹைதராபாத்திலுள்ள நெல் ஆராய்ச்சி இயக்குநரகமும் உயிரணு, மூலக்கூறு உயிரியல் மையமும் சேர்ந்து, அதன் அரிசிக் குணங் கெடாமல் மேலே கூறிய எக்ஸ்.ஏ.5, எக்ஸ்.ஏ.13, எக்ஸ்.ஏ.21 ஆகிய மூன்றையும் அதனுள் சேர்த்தன. 2008-ஆம் ஆண்டில் அது வெளியிடப்பட்டது.

இங்கேதான் எச்சரிக்கை வேண்டும். மூன்று தடையுள்ள இரகம் ஒருபுறமும், அம்மூன்றில் ஒன்றை மட்டுமே உடைய இரகங்கள் அடுத்தடுத்த வயல்களிலும் இருக்குமாயின், கிருமிக்கு நாமே படிக்கட்டுக் கட்டிக் கொடுத்தவர்கள் ஆவோம். முதற்படியில் ஒரு தடையைத் தாண்டப் பழகிய கிருமி, அதன்பின் மற்றொன்றைத் தாண்டினால் போதும். ஒருங்கே மூன்றையும் தாண்ட வேண்டிய அவசியம் அதற்கு நீங்கிவிடுகின்றது. ஆகையால் நோய் தாங்கும் சக்தி என்பது ஒரு மிராசுதாரின் விதைக் குதிரில் உள்ள தனிச்சொத்தன்று. ஏரி நீரைப்போல அது ஆயக்கட்டுப் பொதுச்சொத்து. ஒருவர் விரயம் செய்தால் எல்லோருக்கும் வற்றும்.

ஏரி நீருக்கு முறை வைக்கத் தெரிந்த நம் ஊர்களுக்கு இதற்கும் முறை வைக்கத் தெரியாமற் போகாது. எனது யோசனை இதுவே. ஒவ்வொரு போகத்திற்கும் முன்னர், நாற்றங்கால் விடுமுன்பே, ஒரு வாய்க்கால் பாசனத்துக் குடியானவர்கள் கூடி, எந்த மடைக்கு எந்த இரகம் என்று தீர்மானித்துக் கொள்ளவேண்டும். ஒரே இரகத்தை ஆயக்கட்டு முழுவதிலும் ஆண்டுதோறும் இடுதல் கூடாது. வயது ஒத்த இரண்டு மூன்று இரகங்களை மடைவாரியாகப் பிரித்திட்டு, இரண்டொரு ஆண்டுக்கு ஒருமுறை இடம் மாற்றவேண்டும். தேர்ந்தெடுக்கும் இரகங்களில் உள்ள தடைகள் எவையென்று வேளாண்மை விரிவாக்க மையத்தில் கேட்டறிந்து கொள்ளுதல் நலம். பெயர் வேறாயினும் தடை ஒன்றேயானால், கிருமிக்கு அவை யாவும் ஒரே இரகந்தான்.

இதற்கு மறுப்பாகக் கூறப்படுவன இரண்டு. முதலாவது, வியாபாரியும் ஆலைக்காரரும் ஒரே வகை நெல்லையே கேட்கின்றனர், கலந்திருந்தால் விலை குறைகின்றது என்பது. இது நியாயமான சங்கடமே. ஆயினும் நான் கூறுவது ஒரு வயலுக்குள் கலந்து விதைப்பதன்று, மடைக்கொன்றாகப் பிரித்திடுவது. ஒரு மடையின் நெல் ஓரிடத்தில் களமேறுமாயின் கலப்புக்கு இடமில்லை. அன்றியும், விலையில் சிறிது கூடுதல் பெறுவதற்காக ஊர் முழுவதையும் ஒரே இரகத்தில் பணயம் வைத்து, நோய் கண்ட ஆண்டில் விற்க நெல்லே இல்லாமல் நிற்பது எந்த வகையில் இலாபம்?

இரண்டாவது, நோய் வந்தால் மருந்தடித்துக் கொள்ளலாமே என்பது. புகையானுக்கும் குலைநோய்க்கும் மருந்தடித்துப் பழகிய கை, இதற்கும் அவ்வாறே நினைப்பது இயல்பு. ஆனால் இக்கிருமி இலையின் மேலே இருப்பதன்று. நீர்க் குழாய்க்குள் மறைந்திருப்பது. இலை கருகத் தொடங்கிய பின் மேலே தெளிக்கும் மருந்து அதனை முற்றும் அழிப்பதில்லை. ஸ்ட்ரெப்டோமைசின் கலந்த மருந்துகளை மீண்டும் மீண்டும் தெளிப்பதில் வேறோர் அபாயமும் உண்டு. 1943-ஆம் ஆண்டில் கண்டுபிடிக்கப்பட்ட அம்மருந்து க்ஷயரோகத்திற்குப் பெரும் வரப்பிரசாதமாயிற்று. ஆயினும் அதனை மட்டுமே தனியாகக் கொடுத்த நோயாளிகள் பலரிடத்தில், சில மாதங்களிலேயே அம்மருந்துக்கு அடங்காத கிருமிகள் தோன்றிவிட்டன. 1948-ஆம் ஆண்டில் பிரிட்டனில் வெளியான மருத்துவ ஆராய்ச்சி முடிவே இதனைத் தெரிவித்தது. மனிதர் உயிர் காக்கும் மருந்தை வயலில் இறைத்து, அதற்கும் அடங்காத கிருமிகளைப் பொறுக்கி எடுப்பது அறிவுடைமை ஆகாது.

மருந்தை நம்புவதினும், கிருமிக்கு வாசலைத் திறவாதிருத்தலே மேல். நடவின்போது நாற்றின் நுனியைக் கிள்ளும் வழக்கம், குருத்துப் பூச்சியின் முட்டைகளை ஒழிப்பதற்காக ஏற்பட்டது. இலைக்கருகல் கண்டுவரும் ஊர்களில் அவ்வழக்கத்தை விட்டு, நாற்றங்காலிலேயே முட்டைக் குவியல்களைக் கையால் பொறுக்கி அழித்துவிட வேண்டும். தழைச்சத்து மிகுந்த பயிர் பசுமையாய்த் தழைத்து நெருங்கி நின்று நோய்க்கு இடங்கொடுக்கும். ஆகையால் யூரியாவை மண் பரிசோதனைப்படி அளந்து, பல தவணைகளாகப் பிரித்து, சாம்பல் சத்தோடு சேர்த்து இடவேண்டும். நோய் கண்டபின் மேலுரமாக யூரியா இடுதல் எரிகிற நெருப்பில் நெய் வார்ப்பதாகும். அறுவடைக்குப்பின் தாளை உழுது மடக்குதலும், வரப்புப் புற்களை அரிதலும், நோயுற்ற வயலின் நீரை அடுத்த வயலில் விடாமல் வடிகாலில் விடுதலும் இன்றியமையாதவை. நோயின் ஆரம்பத்தில் லிட்டர் நீருக்கு 20 கிராம் வீதம் புதுச் சாணத்தைக் கரைத்து, தெளிந்த நீரை வடிகட்டித் தெளிப்பது செலவில்லாத ஒரு துணை.

நோயைத் தவறாக அறிந்து கொள்வதால் நேரும் நஷ்டமும் சிறிதன்று. நட்ட சில வாரங்களில் தூர் முழுவதும் வாடிக் காய்வதைக் குருத்துப் பூச்சியென்று மயங்குவோர் பலர். குருத்துப் பூச்சி தாக்கிய நடுக்குருத்தை இழுத்தால் எளிதில் கையோடு வரும். கிருமியால் வாடியதானால் அவ்வாறு வராது. அதன் அடியை நறுக்கிப் பிதுக்கினால் மஞ்சள் நிறமான பிசின் போன்ற நீர் கசியும். இலையில் சந்தேகம் ஏற்படின், கருகலும் பசுமையும் கூடும் இடத்தில் ஒரு துண்டு நறுக்கி, கண்ணாடித் தம்ளரில் உள்ள தெளிந்த நீரில் விட்டு வெளிச்சத்திற்கு எதிரே பிடிக்கவேண்டும். சில நிமிஷங்களில் வெட்டுவாயிலிருந்து பால்போன்ற கலங்கல் இழையாக இறங்குமாயின் பாக்டீரியாவே காரணமென்று துணியலாம். காசு செலவில்லாத இச்சோதனையை ஒவ்வொரு குடியானவரும் செய்து பார்க்கலாம்.

கிராம அதிகாரிகளுக்கும் ஒரு விண்ணப்பம். அடங்கலில் நெல் என்று குறிப்பதோடு நில்லாமல், எந்தச் சர்வே எண்ணில் எந்த இரகம் நின்றது, அதில் இலைக்கருகல் எந்த வாரத்தில் முதலிற் கண்டது என்பதைத் தனியாக ஒரு நோட்டுப் புத்தகத்தில் எழுதி வைப்பார்களானால், மூன்று நான்கு ஆண்டுகளில் அது அந்த ஊருக்கே பெருஞ் செல்வமாகும். நோயின்றி நின்ற இரகம் எந்த ஆண்டில், எந்த மடையில் முதன்முதலாகத் தோற்றது என்பது தெரியவருமாயின், கிருமி மாறிவிட்டதென்ற செய்தி ஆராய்ச்சி நிலையத்திற்குக் காலத்தில் எட்டும். ஒரு மடையோடு போகவேண்டிய நஷ்டம் தாலுகா முழுவதும் பரவுமுன் மாற்று விதைக்கு ஏற்பாடு செய்யலாம். நோய் கண்டதைச் சொன்னால் ஊருக்கு இழுக்கென்று மறைப்பவர்களுக்கு அதிகாரிகள் எடுத்துக் கூறவேண்டும். மறைத்த நோய் வாய்க்கால் வழியே அடுத்த ஊருக்குச் சென்று தானே தன்னை அறிவித்துக் கொள்ளும்.

நெற்பயிருக்கும் இக்கிருமிக்கும் உள்ள போர் நாம் தொடங்கியதன்று, நம்மோடு முடிவதுமன்று. புதிய இரகம் ஒன்று ஆராய்ச்சி நிலையத்திலிருந்து வெளிவரப் பல ஆண்டுகள் ஆகின்றன. ஊர் முழுவதும் ஒரே நெல்லை இட்டு, யூரியாவை அள்ளி வீசி, நோயை மறைத்து வைத்தால், அத்தனை ஆண்டு உழைப்பைக் கிருமி சில போகங்களில் வீணாக்கிவிடும். வரும் சம்பாவுக்கு நாற்றங்கால் விடுமுன், ஒவ்வொரு மடைக்காரரும் தம் அண்டை வயல்காரரை அழைத்து, "உமக்கு எந்த இரகம், எனக்கு எந்த இரகம்" என்று ஒருமுறை கேட்டுக் கொள்வார்களாக. அந்த ஒரு கேள்வியினால் காக்கப்படும் நெல் எந்த மருந்தினாலும் காக்கப்படுவதில்லை.